அவளுக்கு நான் ஜாமீன்

உங்கள் கண்ணாடி இடது பக்கம் கொஞ்சம் இறங்கியிருக்கிறது மேடம். தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள், தொழில் புத்தி. யார் எதிரில் வந்து உட்கார்ந்தாலும் என் பார்வை முதலில் மூக்குத்தண்டுக்குத்தான் போகும். காதுக்குப் பின்னால் வளைகிற இடத்தை இளஞ்சூட்டில் காட்டி, கட்டைவிரலால் லேசாக அழுத்தினால் சரியாகிவிடும். அப்படியே விட்டால் சாயங்காலமானால் தலை வலிக்கும். வேலைப்பளுவால் வலிக்கிறது என்று நீங்கள் நினைத்துக்கொள்வீர்கள்.

பஸ் நிலையத்துக்கு எதிர்வரிசையில் இருக்கிற கண்ணாடிக் கடை என்னுடையது. முன்னால் ஃபிரேம்கள், திரைக்குப் பின்னால் லென்ஸ் தேய்க்கிற மெஷின், நடுவில் ஒரு சுழல் நாற்காலி. அவ்வளவுதான் கடை. வீடு பின்தெருவில். கடையின் பின்கதவைத் திறந்தால் சந்து, சந்தைத் தாண்டினால் எங்கள் மாடிப்படி.

கடையில் நான் குரலை உயர்த்தி யாரும் கேட்டதில்லை. வீட்டிலும் அப்படித்தான். இதை எதற்குச் சொல்கிறேன் என்றால், நீங்கள் எழுதப்போகிற அறிக்கையில் குடும்பத் தகராறு என்று ஒரு வரி வந்துவிடக் கூடாது. எங்களுக்குள் தகராறு என்று ஒன்று இருந்ததே இல்லை. கல்யாணம் ஆனதிலிருந்து என் மனைவி ஆசைப்பட்ட எதையும் நான் வேண்டாம் என்று சொன்னதில்லை.

அவள் நர்ஸ். டயாலிசிஸ் வார்டில் வேலை. வெளிநாட்டிலிருந்து அந்த வேலை வந்தபோது பெட்டி கட்டிக் கொடுத்ததே நான்தான். விமான நிலையம்வரை போய் வழியனுப்பிவிட்டு வந்தேன். சொந்தக்காரர்கள் ஆளாளுக்குப் பேசினார்கள். பெண்டாட்டியை அனுப்பிவிட்டுக் காலாட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான் என்றார்கள். நான் காதில் போட்டுக்கொள்ளவில்லை. மகள் சிட்டுவுக்கு அப்போது நாலு வயது. பக்கவாதம் வந்து படுத்த அம்மா, குழந்தை, கடை மூன்றையும் நானே பார்த்துக்கொண்டேன்.

வருஷத்துக்கு ஒருமுறை லீவில் வருவாள். முதல் தடவை வந்தபோது ‘அங்க’ என்று பேசினாள். அங்க குளிரு, அங்க வண்டியெல்லாம் சத்தமே இல்லாம போகும் என்று. அடுத்த தடவை ‘எங்க ஆஸ்பத்திரி’ என்றாள். அதுவும் சரிதான், வேலை செய்கிற இடம். மூன்றாம் தடவை சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது பேச்சுவாக்கில், ‘எங்க ஊர்ல இந்நேரம் பனி கொட்டும்’ என்றாள். பிசைந்த சோற்றை நான் தட்டிலேயே வைத்தேன். அவள் கவனிக்கவில்லை. தண்ணீர் குடித்துவிட்டு மீதியையும் சாப்பிட்டு எழுந்தேன்.

அந்த லீவில்தான் எல்லாவற்றையும் சொன்னாள். ஆஸ்பத்திரியில் குடும்பத்தோடு தங்க வீடு தருகிறார்களாம். சிட்டுவுக்குப் பள்ளிக்கூடம் பக்கத்திலேயே இருக்கிறதாம். அந்த ஊரில் கண்ணாடிக் கடை வைத்திருக்கிற ஒருவரிடம் என்னைப் பற்றிப் பேசியிருக்கிறாளாம். அம்மாவை என் அக்கா வீட்டில் விடலாமாம், அக்காவும் சரி என்றுவிட்டாளாம். எல்லாரிடமும் பேசி முடித்துவிட்டுக் கடைசியாக என்னிடம் வந்தாள். ‘உங்க கைவேலைக்கு அங்க நல்ல மதிப்புங்க, ராஜா மாதிரி இருக்கலாம்’ என்றாள். இங்கே என் பெயர் போட்ட பலகையின் கீழ் உட்கார்ந்திருக்கிற நான், அங்கே போய் யாரோ ஒருவன் கடையில் நர்ஸின் புருஷனாக லென்ஸ் தேய்க்க வேண்டும்.

‘பார்க்கலாம்’ என்றேன். அதை அவள் சம்மதம் என்று எடுத்துக்கொண்டாள். பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பம் போடச் சொல்லி ஞாபகப்படுத்திக்கொண்டே இருந்தாள். நான் போடவில்லை. மாட்டேன் என்றும் சொல்லவில்லை. மனைவி முன்னேறுவதைத் தடுக்கிற ஆண்பிள்ளைகளை எனக்குப் பிடிக்காது.

அதற்குள் அம்மா போய்விட்டாள்.

அதைப் பற்றி உங்கள் கோப்பில் இருப்பது இதுதான். மதியச் சாப்பாட்டுக்கு முன்னால் என் மனைவி அம்மாவுக்கு இன்சுலின் ஊசி போட்டு, கஞ்சி ஊட்டிவிட்டு, டிக்கெட் விஷயமாக வெளியே போனாள். திரும்பி வந்தபோது அம்மாவுக்கு நினைவில்லை. அவளே தூக்கிப் போட்டுக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினாள். உயிர் தங்கவில்லை. ரத்தத்தில் சர்க்கரை இருந்த நிலையைப் பார்த்து டாக்டருக்குச் சந்தேகம் வந்தது. மருந்துக் குப்பியில் இருக்க வேண்டியதைவிடக் குறைவாக இருந்தது. ஊருக்குப் போகிற அவசரத்தில் கவனம் தப்பி இரண்டு தடவை போட்டுவிட்டாள் என்று உங்களுக்கு முன்னால் இருந்த அதிகாரி முடிவுக்கு வந்தார். கவனக்குறைவால் மரணம் என்று வழக்கு. கொலை என்று யாரும் சொல்லவில்லை. அதற்கு நான் விட்டிருக்கவும் மாட்டேன்.

என்னைக் கேட்டபோது தெரிந்ததைச் சொன்னேன். ஊசி போடுவது அவள்தானா என்றார்கள். அவள் லீவில் வந்தால் அவள்தான் என்றேன். மாமியாரை எங்கே விடுவது என்று வீட்டில் பேச்சு நடந்ததா என்றார்கள். நடந்தது என்றேன். ஒரு சொல் பொய்யில்லை.

அவள்தான் பாவம், அவளுக்கு உள்ளுக்குள் அரித்துக்கொண்டே இருந்தது. இத்தனை வருஷ சர்வீஸில் ஒரு மருந்து மாற்றிக் கொடுத்தவள் இல்லை. ஜாமீனில் வெளியே வந்த அன்று படுக்கையில் உட்கார்ந்துகொண்டு கேட்டாள்: ‘நான் ஒரு தடவைதாங்க போட்டேன். எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு. ஒருவேளை ரெண்டாவது தடவை போட்டுட்டு மறந்துட்டேனா?’

‘களைப்புல யாருக்கும் நடக்கும்மா. நான் உன்னைத் தப்பா நினைக்கல’ என்றேன்.

என் மடியில் தலைவைத்து அழுதாள். அதற்குப் பிறகு ஒரு பழக்கம் வந்தது. அடுப்பை அணைத்துவிட்டு மறுபடியும் போய்ப் பார்ப்பாள். பூட்டை இழுத்துப் பார்த்துவிட்டு, படியிறங்கி, திரும்ப ஏறி இழுப்பாள். சிட்டுவுக்குக் காய்ச்சல் மருந்து கொடுக்க வேண்டுமென்றால் என்னைக் கூப்பிட்டு, ‘நான் ஊத்தறதப் பாருங்க, நீங்களும் பாருங்க’ என்பாள். நான் பக்கத்தில் நின்று பார்ப்பேன். ஒரு மனுஷிக்குப் பக்கத்தில் இன்னொரு மனுஷன் நிற்பதுதானே குடும்பம்.

ஜாமீன் நிபந்தனைகள் உங்களுக்குத் தெரியும். பாஸ்போர்ட்டைக் கோர்ட்டில் ஒப்படைக்க வேண்டும். ஊர் எல்லையைத் தாண்டக் கூடாது. வாரம் ஒருமுறை இந்த ஸ்டேஷனில் வந்து கையெழுத்துப் போட வேண்டும். நான்தான் ஸ்கூட்டரில் பின்னால் உட்காரவைத்துக் கூட்டிவருவேன். அதோ, அந்த வாசல் பெஞ்சில் காத்திருப்பேன். கையெழுத்துப் போட்டுவிட்டு வரும் வழியில் காய்கறி வாங்குவோம். சிட்டுவைப் பள்ளிக்கூடத்திலிருந்து இரண்டு பேருமாகப் போய்க் கூட்டிவருவோம். அம்மாவின் அறையை ஒழித்து, சிட்டுவுக்குப் படிக்கிற மேஜை போட்டோம். வீட்டில் மூன்று பேர் சேர்ந்து உட்கார்ந்து சாப்பிட்டு எவ்வளவோ காலமாகியிருந்தது. எங்கள் கல்யாண வாழ்க்கையில் அந்த மாதங்கள்தான் நல்ல மாதங்கள். அவளுக்கு அது அப்போது தெரியவில்லை. புதுக்கண்ணாடி போட்டவர்களுக்குத் தரை மேடுபள்ளமாகத் தெரியும். கழற்றிவிடாமல் போட்டுக்கொண்டே இருங்கள், பழகிவிடும் என்று நான் சொல்வேன். எல்லாருக்கும் பழகியும் இருக்கிறது.

ஆனால் அந்த ஆஸ்பத்திரிக்காரர்கள் விடவில்லை. வார்டுக்குப் பொறுப்பான அம்மாள் ஒருத்தி, அவளும் நம் பாஷை பேசுகிறவள்தான், அடிக்கடி போன் செய்வாள். இடத்தைப் பிடித்து வைத்திருக்கிறோம், எப்படியாவது வந்துவிடு என்பாள். என் மனைவிக்கு வாய்த்த வக்கீலம்மாவும் சின்ன வயது, சுறுசுறுப்பு. வெளிநாட்டில் வேலை செய்ய அனுமதி கேட்டு மனுப் போட்டாள்.

நீதிபதி வயதானவர். கண்ணாடி நழுவிக்கொண்டே இருந்தது, புறங்கையால் தள்ளிவிட்டுக்கொண்டே கேட்டார். வேலை இருக்கிறது என்று போனவர்கள் எத்தனை பேர் திரும்பி வந்திருக்கிறார்கள் என்று அரசு வக்கீல் கேட்டார். போய்விட்டால் சம்மனை எந்த வாசலில் ஒட்டுவது என்றார். வக்கீலம்மா எழுந்தாள். தப்பு செய்தாள் என்று இன்னும் யாரும் நிரூபிக்கவில்லை, அதற்குள் பிழைப்பைப் பிடுங்கிக்கொண்டால் அது தண்டனை இல்லாமல் வேறென்ன என்றாள். வழக்கு முடிந்து குற்றமில்லை என்று விட்டால், போன வேலையைக் கோர்ட் வாங்கிக் கொடுக்குமா என்றும் கேட்டாள். நன்றாகத்தான் பேசினாள். எனக்கே அவள் பக்கம் நியாயம் இருப்பதாகப் பட்டது.

நீதிபதி என்னை முன்னால் வரச் சொன்னார்.

‘செத்தது உங்க அம்மா. இவங்களுக்கு ஜாமீன் நிக்கறதும் நீங்க. மனசுல ஒண்ணும் இல்லையா?’

‘இல்லைங்க ஐயா.’

‘இவங்க திரும்பி வருவாங்கன்னு பொறுப்பு ஏத்துக்கறீங்களா?’

‘ஏத்துக்கறேங்க.’

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். இவங்க வேலையும் போகக் கூடாது, நம்ம வழக்கும் நிக்கக் கூடாது என்று தமக்குள் பேசுவதுபோல் சொன்னார். பாஸ்போர்ட்டைத் திருப்பித் தரச் சொல்லி அனுமதி கொடுத்தார். ஒவ்வொரு விசாரணைக்கும் நேரில் வர வேண்டும். அங்கே தங்குகிற முகவரி கோர்ட்டில் இருக்க வேண்டும். வேலை செய்கிற நாட்டைத் தவிர வேறு எந்த நாட்டுக்கும் போகக் கூடாது. வீட்டுப் பத்திரத்தோடு நான் ஜாமீன். குழந்தை இங்கேயே என்னிடம் இருக்க வேண்டும். குழந்தை இருக்கும் இடத்துக்குத் தாய் வந்துதானே ஆக வேண்டும்.

கோர்ட் வராந்தாவில் அவள் என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள். ‘ஊரே என்னை ஒரு மாதிரி பார்க்குது. நீங்க மட்டும்தான் நம்புனீங்க’ என்றாள். அக்கா கோபித்துக்கொண்டு அந்தப் பக்கம் நின்றிருந்தாள். பெற்ற தாயைவிடப் பெண்டாட்டி பெரிசாகிவிட்டாளா என்று அவளுக்கு. நான் யாருக்கும் விளக்கம் சொல்லவில்லை.

நான் ஏன் கையெழுத்துப் போட்டேன் என்று நீங்கள் கேட்கலாம். நான் மறுத்திருந்தால் அவளோடு படித்தவர்கள் யாராவது வந்து போட்டிருப்பார்கள். கையெழுத்து என்னுடையது என்றால்தான், வேண்டாம் என்று தோன்றுகிறபோது அதை நான் திரும்ப எடுத்துக்கொள்ள முடியும்.

போனாள். அடுத்த விசாரணைக்குச் சொன்னபடி வந்தாள். இரவெல்லாம் பயணம் செய்து, முகம் வீங்கி, விமான நிலையத்திலிருந்து நேரே கோர்ட்டுக்கு வந்து நின்றாள். வழக்கு ஒத்திப்போனது, திரும்பிப் போனாள். அதற்கடுத்த முறையும் வந்தாள். எழுத்துப் பிசகாமல் எல்லா நிபந்தனைக்கும் கட்டுப்பட்டாள். அதுதான் தொல்லையாகிவிட்டது. அரசு வக்கீலே ஒப்புக்குத்தான் எதிர்க்க ஆரம்பித்தார். அந்தத் தைரியத்தில் வக்கீலம்மா இன்னொரு மனு தயார் செய்தாள், குழந்தையையும் கூட அழைத்துப் போக அனுமதி கேட்டு. அதை என் மனைவிதான் என்னிடம் போனில் சொன்னாள். நானும் சேர்ந்து வந்துவிடலாமே என்றாள். பாஸ்போர்ட் என்னாச்சு என்று கேட்டாள்.

தினமும் சாயங்காலம் சிட்டுவோடு போனில் முகம் பார்த்துப் பேசுவாள். நான் சிட்டுவுக்குச் சில விஷயங்களை எடுத்துச் சொன்னேன். அம்மா ஒவ்வொரு தடவை கோர்ட்டுக்கு வரும்போதும் போலீஸ் பிடித்துக்கொண்டு போக வாய்ப்பு இருக்கிறது என்றேன். வாய்ப்பு இருக்கத்தானே செய்கிறது. குழந்தை மிரண்டுபோனது. அப்படியானால் அம்மாவையே கேள் என்றேன். எப்படிக் கேட்க வேண்டும் என்றும் சொல்லிக்கொடுத்தேன்.

‘நானும் அங்க வந்துட்டா, கோர்ட்டுக்குத் திரும்பி வரணுமாம்மா?’

முதல் தடவை அவள், ‘வரணும்டா கண்ணு, வந்துட்டு உடனே போயிடலாம்’ என்றாள். இரண்டாம் தடவையும் அதையேதான் சொன்னாள். நான் கட்டாயப்படுத்தவில்லை. குழந்தைகள் கேட்டதையே கேட்டுக்கொண்டுதானே இருப்பார்கள். ஒரு நாள் அவள் தொடர்ந்து இரண்டு ஷிஃப்ட் பார்த்துவிட்டு, யூனிஃபார்மைக்கூட மாற்றாமல் பேச உட்கார்ந்திருந்தாள். சிட்டு ஏங்கி ஏங்கி அழுதுகொண்டே கேட்டாள். தாய் மனசு கேட்குமா?

‘அழாதடா செல்லம். நீ மட்டும் வந்துடு. அப்புறம் நாம எங்கயும் போக வேண்டாம். கோர்ட்டும் வேண்டாம், போலீஸும் வேண்டாம்.’

இன்னொரு போனில் அதைப் பதிவு செய்து வைத்திருந்தேன். அரசு வக்கீலிடம் கொண்டுபோய்க் கொடுத்தேன். ஒரு ஜாமீன்தாரனாக எனக்குப் பயமாக இருக்கிறது, வீட்டுப் பத்திரம் கோர்ட்டில் இருக்கிறது, என் பொறுப்பிலிருந்து என்னை விடுவித்துவிடுங்கள் என்றேன். அவர் என்னை நாற்காலியில் உட்காரச் சொல்லித் தண்ணீர் கொடுத்தார்.

விசாரணைக்கு முதல் நாளே அவள் வந்துவிட்டாள். எனக்கு ஒரு சாமான் வாங்கி வந்திருந்தாள். லென்ஸின் பவரை அளக்கிற சின்னக் கருவி, உள்ளங்கையில் அடங்கும். இங்கே கிடைக்காது. பழைய மெஷினோடு நான் மாரடிப்பதைப் பார்த்து எப்போதோ மனசில் குறித்து வைத்திருக்கிறாள். நல்ல பொருள். இப்போதும் அதைத்தான் உபயோகிக்கிறேன். மறுநாள் காலையில் அவள் கட்டிக்கொள்ள வேண்டிய புடவையை நான்தான் இஸ்திரி போட்டுக் கொடுத்தேன்.

கோர்ட்டில் அந்தப் பதிவைப் போட்டார்கள். சிட்டுவின் குரலைக் கேட்டதும் அவள் முகம் மலர்ந்தது. எங்கிருந்து கேட்கிறது என்று சுற்றிலும் பார்த்தாள். பிறகு அவளுடைய குரல் வந்தது. அவள் சிரிப்பு உடனே போகவில்லை மேடம். மறந்துபோய் அங்கேயே கொஞ்ச நேரம் இருந்தது.

வக்கீலம்மா கத்தாத குறை. ஓடிப்போகிறவள் திரும்பிப் போக டிக்கெட் எடுத்துக்கொண்டு கோர்ட்டுக்கு வருவாளா, இதோ கண் முன்னால் நிற்கிறாளே என்றாள். அழுகிற குழந்தைக்குச் சொன்ன சமாதானம் எப்படிச் சாட்சியாகும் என்றாள். நீதிபதிக்கு மனசே இல்லை, அது தெரிந்தது. ஆனால் இன்று நிற்கிறாள், குழந்தை கையில் வந்த பிறகு நிற்பாள் என்பதற்கு என்ன பிடி இருக்கிறது என்று கேட்டார். வெளிநாட்டு அனுமதி ரத்து. ஜாமீன்தாரரும் விலகிவிட்டதால் ஜாமீனும் ரத்து. வேறு ஜாமீனுக்கு மனுப் போட்டும் இதுவரை கிடைக்கவில்லை. அவளுக்குப் பெற்றவர்கள் இல்லை. கூடப் படித்தவர்களும் அந்தப் பதிவைக் கேள்விப்பட்ட பிறகு கையெழுத்துப் போடப் பயந்தார்கள்.

பெண் போலீஸ் வந்து தோளைத் தொட்டபோது அவள் என் பக்கம் திரும்பினாள். ஏன் என்று கேட்பாள் என்று நினைத்தேன். பதில்கூடத் தயாராக இருந்தது.

‘சிட்டுவுக்கு இன்னைக்கு மதியமே ஸ்கூல் விட்டுடுவாங்க. மறந்துடாதீங்க’ என்றாள்.

மறக்கவில்லை. போய்க் கூட்டிவந்தேன்.

நீங்கள் பேனாவைக் கீழே வைத்துவிட்டீர்கள். இன்னும் எழுத வேண்டியது இருக்கிறது. இதுவரை சொன்னதில் குற்றம் என்று ஏதும் இல்லை என்பது எனக்கும் தெரியும். இதைச் சொல்ல நான் வரவில்லை. அம்மா போன அந்த மதியத்தைச் சொல்ல வந்தேன்.

அன்று முழுக்கக் கடையில் இருந்தேன் என்று முன்பு எழுதிக் கொடுத்திருக்கிறேன். இருந்தேன், நடுவில் கொஞ்ச நேரம் தவிர. என் மனைவி டிக்கெட் விஷயமாகக் கடையைத் தாண்டிப் போவதைப் பார்த்தேன். கையசைத்தாள். பின்கதவு வழியாக வீட்டுக்குப் போனேன். அம்மா விழித்துக்கொண்டுதான் இருந்தாள். இன்சுலின் எங்கே இருக்கிறது, எப்படிப் போடுவது என்பதெல்லாம் எனக்குத் தெரியாதா? வருஷமெல்லாம் போட்டவன் நான்தானே.

அம்மாவுக்கு வாய் கொஞ்சம் குழறும், ஆனால் புத்தி தெளிவு. ‘இப்பதானேடா மருமக போட்டா’ என்றாள்.

‘அது காலையில போட்டதும்மா’ என்றேன்.

அப்படியா என்பதுபோல் என்னைப் பார்த்தாள். பிறகு நல்லாயிருக்கிற கையை அவளே நீட்டினாள். படுத்த நாளிலிருந்து அவளுக்கு எல்லாமே நான்தான், என் பேச்சை நம்பாமல் யார் பேச்சை நம்புவாள்?

சாகடிக்க நினைத்தேன் என்று எழுதாதீர்கள். மயக்கம் வரும், ஆஸ்பத்திரியில் நாலு நாள் படுக்க வேண்டியிருக்கும், இந்த நிலையில் மாமியாரை விட்டுவிட்டு எப்படிப் போவது என்று அவளே பயணத்தைத் தள்ளிப்போடுவாள். அதற்குள் அந்த வேலை போய்விடும். அவ்வளவுதான் நான் நினைத்தது. கொஞ்ச நேரம் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். அம்மாவுக்கு வேர்க்க ஆரம்பித்தது. துடைத்துவிட்டேன். தித்திப்பா ஏதாவது குடு என்று கேட்டாள். அவளுக்கு உடம்பு சொல்லிக்கொடுத்திருக்கிறது. சர்க்கரை டப்பா அடுப்படியில் கைக்கெட்டும் இடத்தில்தான் இருந்தது. கொடுத்திருந்தால் சரியாகியிருப்பாள். ஆனால் உடனே சரியாகிவிட்டால் செய்ததற்கு அர்த்தம் இல்லாமல் போய்விடும் இல்லையா? இதோ கொண்டுவருகிறேன் என்று சொல்லிவிட்டுக் கடைக்குத் திரும்பிவிட்டேன். கடையில் ஒரு பெரியவர் காத்துக்கொண்டிருந்தார், அவருக்குக் கண் சோதித்தேன். என் மனைவி நேரத்துக்கு வந்துவிடுவாள், அவள் நர்ஸ், பார்த்ததும் புரிந்துகொண்டு காப்பாற்றிவிடுவாள் என்று நம்பிக்கை. அவள்தான் அன்று தாமதம். டிக்கெட் கொடுக்கும் இடத்தில் கூட்டமாம். எல்லாவற்றுக்கும் நான் பொறுப்பு என்றால் அந்தத் தாமதத்துக்கு யார் பொறுப்பு? இதை அவளிடம் ஒருநாளும் சொல்லிக் காட்டியதில்லை.

இத்தனை நாள் இல்லாமல் இப்போது ஏன் வந்தாய் என்று கேட்கிறீர்கள். நியாயமான கேள்வி.

ஒரு காரணம் சிட்டு. அவள் இப்போது போனைத் தொடுவதில்லை. கடை வாடிக்கையாளர் கூப்பிட்டு மணி அடித்தால்கூடக் கட்டிலுக்கு அடியில் போய் உட்கார்ந்துகொள்கிறாள். ஒரு நாள் அங்கிருந்தே கேட்டாள், ‘நான் கேட்டதாலதானேப்பா அம்மாவைப் பிடிச்சுட்டுப் போனாங்க?’

குழந்தையிடம் பொய் சொல்லக் கூடாது என்பது என் கொள்கை. ‘ஆமாம்மா. ஆனா நீ வேணும்னு செய்யலையே’ என்றேன்.

அதிலிருந்து பேச்சு குறைந்துவிட்டது. பள்ளிக்கூடத்திலும் பேசுவதில்லையாம். டீச்சர் கூப்பிட்டுச் சொன்னார்கள். பிள்ளைக்குத் தாய் வேண்டும். அம்மா படுத்திருந்த அறையில் போட்ட மேஜை அப்படியே இருக்கிறது. சாயங்காலம் கடையைச் சாத்திவிட்டுப் போனால் வீட்டில் நானும் பேசாத ஒரு குழந்தையும் மட்டும். அவள் இல்லாத வீட்டுக்காகவா நான் இவ்வளவும் செய்தேன்? ஜெயிலில் உட்கார்ந்திருப்பதற்கு அவள் அந்த ஊரிலேயே இருந்திருக்கலாமே.

இன்னொரு காரணம், நேற்று அந்த வார்டு அம்மாள் கடைக்கே போன் செய்தாள். முடிந்தவரை இழுத்துப் பார்த்தார்களாம். இனி முடியாது, அந்த இடத்துக்கு வேறு ஆளை எடுத்துவிட்டார்களாம். சிறைக்குப் போனவள் என்று பதிவாகிவிட்டதால் அந்த ஊரில் வேறெங்கும் எடுப்பதும் கஷ்டமாம். அழுதாள். நான் ஆறுதல் சொன்னேன். போனை வைத்ததும் எனக்கு நெஞ்சிலிருந்து பெரிய பாரம் இறங்கியதுபோல் இருந்தது. இனி அவள் வெளியே வருவதில் ஒரு தடையும் இல்லை. இன்று கடையைத் திறக்காமல் நேரே இங்கே வந்துவிட்டேன்.

ஆகவே எழுதிக்கொள்ளுங்கள். என் அம்மாவுக்கு இரண்டாவது ஊசியைப் போட்டது நான். என் மனைவிக்கு இதில் எந்தச் சம்பந்தமும் இல்லை. எங்கே காட்டுகிறீர்களோ அங்கே கையெழுத்துப் போடுகிறேன். அவளை விட்டுவிடுங்கள், வீட்டுக்கு வரட்டும். சிட்டு அக்கா வீட்டில் இருக்கிறாள், போய்க் கூட்டிக்கொள்ளச் சொல்லுங்கள். கடைச் சாவி, வீட்டுச் சாவி இரண்டும் இந்த மேஜைமேல் வைத்திருக்கிறேன். மற்றதை நேரில் நானே பேசிக்கொள்கிறேன். கோபம் இருக்கும், நாளானால் தணியும்.

என் ஜாமீனைப் பற்றி நீங்கள் அதிகம் யோசிக்க வேண்டியதில்லை. நான் எங்கும் ஓடுகிறவன் இல்லை, எனக்குப் பாஸ்போர்ட்டே கிடையாது. ஜாமீனுக்கு ஒரு ஆள் வேண்டும் என்பார்கள். வெளியே யாரையும் தேட வேண்டாம். அவள் வந்ததும் அவளிடம் சொல்லுங்கள், அவளே எனக்குக் கையெழுத்துப் போடுவாள்.